ஓடிக்கொண்டிருந்த அணுஉலையை ஜேர்மனி ஏன் மூடியது?

சம்மாந்துறை மில்காரன்:

தெரிந்தவர்கள் யாராவது சொல்லுங்கள். ஜேர்மனிக்காரன் 2023 ஏப்ரல் 15-ஆம் திகதி கடைசி மூன்று அணுமின் நிலையங்களையும் மூடிவிட்டான். பழுதாகி இல்லை, வெடித்து இல்லை, ஒழுங்காக ஓடிக்கொண்டிருந்தவற்றைத்தான். அதுவும் உக்ரைன் சண்டையில் ரஷ்யாவின் காஸ் நின்றுபோய், ஐரோப்பா முழுக்க கரண்ட் விலை ஏறிக்கிடந்த நேரத்தில். இதில் என்ன புத்தி இருக்கிறது?

நான் நெல் ஆலை வைத்திருக்கிறவன். 2022 மார்ச் கடைசியில் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் கரண்டை வெட்டினார்களே, அப்போது தொட்டியில் ஊறப்போட்ட நெல்லை நேரத்துக்கு எடுத்து அவிக்க வழியில்லாமல் மில் முழுக்கப் புளித்த நாற்றம். கொதிகலனுக்கு உமி குவிந்து கிடக்கிறது, ஆனால் தண்ணீர் ஏற்றுகிற மோட்டருக்கும் நெல்லை மேலே தூக்குகிற எலிவேட்டருக்கும் கரண்ட் இல்லை, ஜெனரேட்டருக்கு டீசலும் இல்லை. அரிசி நிறம் மாறிப்போய் பாதி விலைக்குக் கொடுத்தேன். அந்தக் கஷ்டத்தில் இருந்து பார்க்கிற எனக்கு, கையில் இருந்த கரண்டைத் தானே அணைத்தவனை விளங்கவே இல்லை.

யூடியூபில் பார்த்தால் ‘ஜப்பானில் சுனாமி வந்ததும் அப்போதைய ஜேர்மன் பிரதமர் மேர்க்கல் பயந்துபோய் ஒரு வாரத்தில் எடுத்த முடிவு’ என்கிறார்கள். ஜேர்மனியில் சுனாமி வருமா? சுனாமியில் ஆயிரக்கணக்கில் ஜனத்தைப் பறிகொடுத்த நம்முடைய கரையில்கூட யாரும் இப்படி ஒரு வாரத்தில் முடிவெடுத்ததாக எனக்கு ஞாபகம் இல்லை.

நெக்கார்க்கரை:

நானா, எனக்குச் சொந்த ஊர் களுதாவளை, இப்போது இருப்பது ஹைல்புரோன் பக்கம். மூடிய மூன்றில் ஒன்றான நெக்கார்வெஸ்ட்ஹைம் இங்கே கிட்டடிதான். பழைய கல்லுடைக்கும் குழிக்குள் கட்டியிருக்கிறார்கள், படங்களில் காட்டுகிற மாதிரி வானத்தை முட்டுகிற கோபுரம் இதற்கு இல்லை, கட்டையான ஒன்றுதான். மற்ற இரண்டு, பவேரியாவில் இசார் 2, வடக்கே எம்ஸ்லாண்ட்.

‘ஒரு வாரத்தில் எடுத்த முடிவு’ என்பது பாதிக் கதை. மூடுவதற்கு முதலில் சட்டம் போட்டது மேர்க்கலே இல்லை. 2000-ல் ஷ்ரோடர் பிரதமர், பசுமைக் கட்சி கூட்டாளி. அப்போதே கம்பனிகளோடு பேசி உடன்பாடு செய்து, 2002-ல் சட்டமாக்கிவிட்டார்கள். ஒரு உலைக்குச் சராசரி 32 வருஷ ஆயுள், அதற்குப் பிறகு மூடு. 2003-ல் ஸ்டாடே, 2005-ல் ஓப்ரிக்ஹைம் என்று மூடவும் தொடங்கிவிட்டார்கள். மேர்க்கல் 2010-ல் செய்தது இதற்கு நேர் எதிரானது. பழைய உலைகளுக்கு 8 வருஷம், புதியவற்றுக்கு 14 வருஷம் என்று தவணையை நீட்டினார். சனம் கொதித்துப்போய் இருந்த அந்த நேரத்தில்தான், அடுத்த மார்ச்சில், ஜப்பானில் சுனாமியால் புகுஷிமா அணுஉலை விபத்து.

அதற்குப் பிறகுதான் நீங்கள் கேள்விப்பட்ட அவசரம் எல்லாம். சில நாட்களில் பழைய உலைகளை நிறுத்தச் சொன்னார். மார்ச் 27-ல் எங்கள் மாநிலத் தேர்தல். 58 வருஷம் ஆண்ட அவருடைய கட்சி ஆட்சியை இழந்து, பசுமைக் கட்சிக்காரர் ஒருவர் நாட்டிலேயே முதன்முறையாக மாநில முதல்வர் ஆனார். ஜூன் 30-ல் பாராளுமன்றத்தில் 513 வாக்கு ஆதரவு, 79 எதிர்ப்பு. எதிர்த்தவர்களில் பெரும்பாலானோர் இடதுசாரிக் கட்சி, அவர்களுக்கு மூடுகிற வேகம் போதவில்லை! ஆகவே மேர்க்கல் பயந்தார் என்றால், ஜப்பானைப் பார்த்துப் பயந்ததைவிட உள்ளூர் வாக்காளரைப் பார்த்துப் பயந்தது கூட என்பது என் அபிப்பிராயம்.

அந்த வாக்காளருக்கு ஏன் இவ்வளவு கோபம் என்று கேட்டால் 1975-க்குப் போக வேண்டும். ரைன் நதிக்கரையில் வீல் என்ற ஊர். அங்கே உலை கட்டப் போனபோது தடுத்தது மாணவர்கள் மட்டும் இல்லை, திராட்சைத் தோட்டக்காரர்கள். கோபுரத்து நீராவி பனிமூட்டமாகப் படிந்தால் பழம் கெட்டுவிடும் என்பது அவர்களுடைய முதல் பயம். பொலிஸ் வந்து இழுத்துப் போட்டது, சில நாளில் ஏறத்தாழ 28,000 பேர் திரும்ப வந்து இடத்தைப் பிடித்துக்கொண்டார்கள். இந்த உலை இல்லாவிட்டால் பத்தாண்டு முடிவதற்குள் விளக்குகள் அணையும் என்று அப்போதைய மாநில முதல்வர் ஃபில்பிங்கர் எச்சரித்தார். உலை கட்டப்படவில்லை, விளக்கும் அணையவில்லை. அதோடு சனத்துக்கு ஒரு பாடம், ‘இவர்கள் மிரட்டினால் நம்பத் தேவையில்லை’ என்று.

மறுகா 1986, உக்ரைனில் செர்னோபில் அணுஉலை வெடித்தது. பவேரியாவில் அந்தக் கிழமை மழை. பிள்ளைகளை மணலில் விளையாட விடாதீர்கள், கீரையைச் சாப்பிடாதீர்கள் என்றெல்லாம் அறிவித்தார்கள். இது கதை இல்லை நானா, இன்றைக்கும் அந்தக் காடுகளில் சுடுகிற காட்டுப்பன்றியைச் சீசியம் என்ற கதிர்வீச்சுப் பொருள் எவ்வளவு என்று அளந்து பார்த்துத்தான் விற்கலாம். ஒரு கிலோவுக்கு 600 பெக்கரலுக்கு (கதிரியக்கத்தை அளக்கிற அலகு) மேல் போனால் இறைச்சியை அழித்துவிட வேண்டும். மண்ணுக்குள் விளைகிற ஒருவகைக் காளானைப் பன்றி கிண்டித் தின்கிறது, அதில் சீசியம் சேர்ந்திருக்கிறது. என்னோடு வேலை செய்கிற ஒருவர் வேட்டைக்காரர். அவர் இறைச்சி தந்தால் அளந்த அளவு எழுதிய துண்டுச்சீட்டும் கூடவே வரும்.

கடைசியாகக் கழிவு. உங்கள் மில்லில் உமிச்சாம்பலைக் கொட்ட இடம் இல்லை என்றால் பக்கத்து வளவுக்காரரோடு எத்தனை சண்டை? இது லட்சக்கணக்கான வருஷம் பாதுகாக்க வேண்டிய சாம்பல். ஆஸ்ஸே என்ற பழைய உப்புச் சுரங்கத்துக்குள் 1967 முதல் 1978 வரை சுமார் 1,26,000 கழிவுப் பீப்பாய்களைப் போட்டார்கள், சிலவற்றை ஒழுங்காக அடுக்கக்கூட இல்லை, சும்மா சரித்துக் கொட்டினார்கள். பிறகு பார்த்தால் சுரங்கத்துக்குள் நாளுக்கு ஏறத்தாழ 12,000 லீற்றர் தண்ணீர் கசிகிறது. இப்போது எல்லாவற்றையும் திரும்ப வெளியே எடுக்க வேண்டும் என்று சட்டம். இதைப் பார்த்த சனம் அடுத்த இடத்தைக் கொடுக்குமா? எரிந்து முடிந்த எரிபொருளுக்கு நிரந்தர இடம் இன்னும் தேடிக்கொண்டுதான் இருக்கிறார்கள்.

படுவான்கரை வாத்தி:

அண்ணா சொன்ன வரலாறு சரி. அதனால் முடிவும் சரி என்று ஆகிவிடாது.

எனக்குப் பெரிய குறை ஒன்றுதான், வரிசை. அணுவுக்கு 2022 கடைசி, நிலக்கரிக்கு 2038 வரை தவணை. எதை முதலில் மூடியிருக்க வேண்டும்? நிலக்கரிப் புகை எங்கோ ஒரு நாள் நடக்கக்கூடிய விபத்து இல்லை, தினமும் நெஞ்சுக்குள் போகிறது. 2023 ஜனவரியில் லூட்ஸராட் என்ற கிராமத்தைப் பழுப்பு நிலக்கரி தோண்டுவதற்காகப் பொலிஸை விட்டு வெறுமையாக்கினார்கள், சேற்றுக்குள் இழுபறிப்பட்ட படங்கள் எல்லாம் வந்தனவே. மூன்று மாதம் கழித்து, புகையில்லாமல் ஓடிய மூன்று உலைகளை மூடினார்கள். ஆட்சியில் இருந்த கூட்டணியில் பசுமைக் கட்சியும் இருந்தது. இதை நான் ஏஎல் வகுப்பில் சொன்னால் பிள்ளைகள் சிரிக்கிறார்கள்.

மூடுவதையாவது ஒரே முடிவாக எடுத்தார்களா? முதலில் மூடு, பிறகு நீட்டு, பிறகு மூடு. இந்தக் குழப்பத்துக்காக 2021-ல் கம்பனிகளுக்குச் சுமார் 2.4 பில்லியன் யூரோ நட்டஈடு கொடுக்கச் சம்மதித்தார்கள். 2022 ஒக்டோபரில் கூட்டணிக்குள்ளேயே அடிபட்டு, கடைசியில் பிரதமர் ஷோல்ஸ் தன் அதிகாரத்தைப் பாவித்து, மூன்றும் ஏப்ரல் நடுப்பகுதி வரை ஓடட்டும், அதற்கு மேல் இல்லை என்று முடித்துவைத்தார்.

களுதாவளை அண்ணா, 40 யூரோ சதம் கொடுத்து ஒரு யூனிட் வாங்குகிறவர் நீங்கள்தான். உங்களுக்கு இதில் சம்மதமா?

நெக்கார்க்கரை:

வரிசை விஷயத்தில் தம்பியோடு எனக்குச் சண்டை இல்லை, இங்கேயும் நிறையப் பேர் அதைத்தான் சொல்கிறார்கள். ஆனால் பில்லை முழுக்க இதன் தலையில் கட்ட வேண்டாம், வரியும் கம்பிக் கட்டணமும் காஸ் விலையும் அதற்குள் இருக்கிறது. 2010-ல் நாட்டின் கரண்டில் ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் அணு, கடைசி மூன்றும் சேர்ந்து ஆறு வீதம் அளவுதான். அந்த இடைவெளியில் காற்றும் சூரியனும் ஏறி, மற்றப் புதுப்பிக்கத்தக்க வழிகளையும் சேர்த்தால் 2023-ல் பாவித்த கரண்டில் பாதியைத் தாண்டிவிட்டன. வெளியில் இருந்து வாங்கவும் செய்கிறார்கள், அது உண்மை.

மருதமுனை மின்:

மில்கார காக்கா கேட்ட சுனாமிக் கேள்விக்கு யாரும் பதில் சொல்லவில்லையே. அதை மட்டும் சொல்கிறேன், நான் மின் பொறியியல்.

புகுஷிமாவில் உலைகள் நிலநடுக்கத்தோடு தானாக நின்றுவிட்டன. ஆனால் அணுஉலையை நிறுத்தினாலும் சூடு உடனே போகாது. நிறுத்திய கணத்தில் முழுச் சூட்டில் ஆறேழு வீதம் மிச்சம் இருக்கும், அது மெல்ல மெல்லத்தான் குறையும். அதுவரை தண்ணீர் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும், சுற்றக் கரண்ட் வேண்டும். வெளிக் கம்பி அறுந்துவிட்டது, கீழ்த்தளத்தில் வைத்த டீசல் ஜெனரேட்டர்கள் தண்ணீருக்குள் மூழ்கின. அவ்வளவுதான் நடந்தது. ஜேர்மனிக்காரனைப் பயமுறுத்தியது சுனாமி என்று நான் நினைக்கவில்லை. ஜப்பானைப் போல ஒழுங்குக்குப் பேர்போன நாட்டிலேயே ‘நடக்காது’ என்று எழுதி வைத்தது நடந்துவிட்டதே, அதுதான்.

இலங்கைக்கு வந்தால் வேறு கணக்கு. இசார் 2 ஒன்றே ஏறத்தாழ 1,400 மெகாவாட். நம்முடைய நாடு முழுவதற்கும் உச்ச நேரத்தில் தேவைப்படுவதில் கிட்டத்தட்ட பாதி. பாதியைத் தருகிற ஒரு மெஷின் திடீரென்று நின்றால் மிச்சமெல்லாம் சேர்ந்து விழும். 2025 பெப்ரவரியில் பாணந்துறையில் ஒரு குரங்கு பாய்ந்ததற்கே நாடு இருண்டது என்று அமைச்சர் சொன்னாரே! நுரைச்சோலை நிலக்கரி மின் நிலையமே மூன்று 300 மெகாவாட் மெஷின்களாகத்தான் இருக்கிறது. அதனால் இங்கே பேச்சு எழுந்தால் சின்ன உலைகளைப் பற்றித்தான் எழும்.

எழுந்தால் அடுத்த கேள்வி, எந்தக் கரையில்? கடல் தண்ணீர் வேண்டும், சனம் குறைவாக இருக்க வேண்டும் என்று வரைபடத்தை விரித்தால் விரல் கிழக்குக்கு வராது என்று யார் சொல்வது. திருகோணமலைச் சம்பூரில் நிலக்கரி மின் நிலையத்துக்கு இடம் எடுத்தபோது அந்த மக்களைக் கேட்டு எடுத்தார்களா? அது 2016-ல் கைவிடப்பட்டது, அதுவரைக்கும் அந்தச் சனம் பட்ட பாடு நமக்குத் தெரியும். வீல் ஊர்த் தோட்டக்காரர்களை எனக்கு விளங்குகிறது.

சம்மாந்துறை மில்காரன்:

எல்லாருக்கும் நன்றி. பாதி விளங்கிவிட்டது, கோபம் மட்டும் முழுக்கப் போகவில்லை, வாத்தி பக்கம்தான் நிற்கிறேன். இன்னொன்று, பிழை என்று கண்டால் அவர்கள் திரும்பத் திறக்க ஏலாதா? கட்டடம் அப்படியே நிற்கிறதுதானே?

நெக்கார்க்கரை:

நிற்கிறது, ஆனால் உள்ளே பிரிக்கத் தொடங்கிவிட்டார்கள் நானா. இசார் 2-க்குப் பிரித்தெடுக்கும் அனுமதி 2024-ல் கிடைத்துவிட்டது. தேர்தல் காலத்தில் சில கட்சிகள் திறக்கலாம் என்று பேசின. கம்பனிகளைக் கேட்டால் அவர்களுக்கே ஆசை இல்லை, ஆட்கள் ஓய்வு பெற்றுப் போய்விட்டார்கள், புதிதாக அனுமதி, புதிதாக எரிபொருள், யார் காசு போடுவது? முன்பே மூடிய கிராஃபன்ரைன்ஃபெல்ட் அணுமின் நிலையத்தில் இரண்டு கோபுரங்களையும் 2024 ஓகஸ்டில் வெடிவைத்துத் தகர்த்தார்கள், பார்க்கச் சனம் கூடிப்போய் நின்றது. கல்கார் என்ற இடத்தில் 1985-ல் கட்டி முடித்து, ஒரு நாளும் ஓட்டாமல் 1991-ல் கைவிட்ட உலை ஒன்று இருக்கிறது. சுமார் 7 பில்லியன் மார்க் செலவு. இப்போது அது சிறுவர் களியாட்டப் பூங்கா, கோபுரத்துக்குள் ராட்டினம் சுற்றுகிறது. கோடை விடுமுறைக்கு இங்கே வந்தால் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போகலாம்.