அம்பாந்தோட்டை: கடன்பொறியா, கையிருப்புப் பஞ்சமா?

கணக்கன்:
சீனாவிடம் வாங்கிய கடனைக் கட்ட வழியில்லாமல்தான் இலங்கை அரசு 2017 டிசம்பரில் அம்பாந்தோட்டைத் துறைமுகத்தைச் சீனாவுக்கு எழுதிக்கொடுத்தது என்று இங்கே திரும்பத் திரும்ப வருகிறது. அமெரிக்க ஆய்வாளர் டெபோரா பிராட்டிகம் ஆண்டுக்கணக்காக மறுத்துவரும் "கடன்பொறி"க் கதை இது. 99 ஆண்டுக் குத்தகைக்குச் சைனா மேர்ச்சன்ட்ஸ் நிறுவனம் ஒப்புக்கொண்ட தொகை 112 கோடி டொலர். அந்தப் பணத்தால் சீனாவின் எக்சிம் வங்கி கொடுத்த துறைமுகக் கடன் அடைபடவில்லை. அது அந்நியச் செலாவணிக் கையிருப்பைத் தூக்கி நிறுத்தவே பயன்பட்டது. 2019 ஜனவரியில் மட்டும் 100 கோடி டொலர் பிணைமுறி (சந்தையில் அரசு கடன் வாங்கக் கொடுக்கும் பத்திரம்) முதிர இருந்தது.

தென்கடல்:
கணக்கன் அண்ணை, நீங்கள் சொல்வதை வைத்தே கேட்கிறேன். துறைமுகமும் போய், கடனும் திறைசேரியின் தலையில் நின்றால் அது பொறியைவிட மோசமல்லவா? 2007இல் முதற்கட்டத்துக்கு வாங்கிய 30.7 கோடி டொலருக்கு வட்டி 6.3 சதவீதம். உதவி என்ற பெயரில் வணிக வட்டி!

கணக்கன்:
வட்டி கூடுதல்தான். ஆனால் நிலையான வட்டியா, லைபோரோடு (வங்கிகள் தமக்குள் கடன் கொடுக்கும் லண்டன் வட்டி விகிதம்) ஏறி இறங்கும் வட்டியா என்று தேர்ந்தது கொழும்பு. அன்றைக்கு லைபோரே 5 சதவீதத்துக்கு மேல். அதே 2007இல் அரசு விற்ற முதல் சர்வதேசப் பிணைமுறி 50 கோடி டொலர், வட்டி 8.25, கடன்தொகை (முதல்) முழுவதும் ஐந்தாம் ஆண்டில் ஒரே தவணையில். துறைமுகக் கடனின் முதலோ தவணை தவணையாகக் கழியும். பிணைமுறியின் முதல் ஒரே நாளில் கழுத்தைப் பிடிக்கும். அன்று சந்தை மூடியிருந்தால் புதிதாகக் கடன் வாங்கிப் புரட்டவும் முடியாது. 2022 ஏப்ரலில் இலங்கை வெளிநாட்டுக் கடன் கட்டுவதை நிறுத்தியதும் அப்படிப் புரட்ட முடியாமல்தான்.

தென்கடல்:
அப்போ கடன் கொடுத்தவனுக்குப் பொறுப்பே இல்லையா? டென்மார்க்கின் ராம்போல் நிறுவனம் 2006இல் சொன்னது, முதலில் வாகனம், எண்ணெய் போன்ற சரக்கைக் கையாண்டு வருமானம் பார்த்த பிறகு கொள்கலனுக்குப் போங்கள் என்று. வருமானம் வருமுன்பே 2012இல் இரண்டாம் கட்டத்துக்கு 75.7 கோடி டொலர். கேட்டது ராஜபக்ச அரசு, சரி. வெறும் துறைமுகத்தைப் பார்த்துக்கொண்டே நீட்டியது யார்?

கணக்கன்:
அந்த இடத்தில் உங்களோடு நிற்கிறேன். இரண்டாம் கட்டக் கடனின் வட்டி 2 சதவீதம் என்பதால் அந்த அவசரம் நியாயமாகிவிடாது.

வரவுசெலவு:
இருவரும் இலங்கையின் வெளிநாட்டுக் கடனில் சீனாவின் பங்கைச் சொல்லாமலே வாதாடுகிறீர்கள். அரசு காட்டிய பட்டியலில் 2021 முடிவில் ஏறத்தாழ 10 சதவீதம். ஆய்வாளர்கள் உமேஷ் மொறமுதலியும் திலின பண்டுவாவலவும் 2022இல் எண்ணியபோது 740 கோடி டொலர், 19.6 சதவீதம். காரணம் எளிது. மின்சார சபை போன்ற அரச நிறுவனங்களின் பெயரிலுள்ள கடன் மத்திய அரசின் பட்டியலில் விழாது. சீன அபிவிருத்தி வங்கி 2018இலிருந்து கொடுத்த ரொக்கக் கடன்களோ "சந்தைக் கடன்" தலைப்பில் பிணைமுறிகளோடு கலந்துவிடும். பட்டியலைப் பார்ப்பவர்கள் முதலில் கடனாளி யார் என்ற நிரலைப் பாருங்கள், பிறகு சந்தைக் கடனைப் பிரித்தெடுங்கள்.

தென்கடல்:
பாதியை மறைத்த பட்டியலைக் காட்டித்தானே "சீனக் கடன் சின்னது" என்றார்கள்?

வரவுசெலவு:
ஆம், அது பிழை. ஆனால் 19.6 என்று வைத்தாலும் பிணைமுறிக்காரர்களின் பங்கு அதைவிடப் பெரிது. இரண்டையும் ஒரே பதிவில் எழுதுங்கள்.