ஜேனட் சுஸ்மனை எந்த நாட்டு நடிகை என்று எழுதுவது?

கேள்வி (சாட்ஸ்வொர்த், டர்பன், தென்னாப்பிரிக்கா)

அனைவருக்கும் வணக்கம். என் மகள் இவ்வாண்டு மெட்ரிக் என்னும் பள்ளி இறுதித் தேர்வு எழுதுகிறாள். நாடகக்கலைப் பாடத்துக்காக ஒரு நடிகரின் வாழ்வையும் பணியையும் பற்றிக் கட்டுரை எழுத வேண்டும். அவள் ஜேனட் சுஸ்மனைத் தேர்ந்தெடுத்திருக்கிறாள். கையில் கிடைக்கும் குறிப்புகளெல்லாம் அவரைப் பிரிட்டிஷ் திரைப்பட, தொலைக்காட்சி நடிகை என்றே சொல்லித் தொடங்குகின்றன. ஆனால் அவர் 1939இல் ஜோஹன்னஸ்பர்க்கில் பிறந்தவர். கட்டுரையின் முதல் வரியில் எதை எழுதுவது?

இன்னொன்றும் கேட்க வேண்டும். கிரே தெருப் பக்கத்துக் கொட்டகைகளில் ஓடிய படங்களில் ஒன்றையும் விடாத என் தாயார், வீட்டுக்குத் தொலைக்காட்சி வந்த நாள் முதல் அதையும் விடாமல் பார்த்தவர். அவர் இந்த நடிகையைத் தொலைக்காட்சியில் ஒருமுறைகூடக் கண்டதில்லை என்கிறார். ஆஸ்கர் பரிந்துரை வரை போனவர் நம் வீடுகளுக்கு வராமல் போனது எப்படி?

பதில் 1 (பீனிக்ஸ்)

அக்கா, முதல் வரியில் இரண்டு நாடுகளையும் எழுதிவிடலாம். அதில் பிழை ஏதும் இல்லை. அவர் விட்வாட்டர்ஸ்ராண்ட் பல்கலைக்கழகத்தில் படித்துவிட்டு, இருபது வயதில், 1959இல் லண்டனுக்குப் போனார். அங்கே லாம்டா நாடகப் பள்ளியில் பயின்று, அறுபதுகளின் தொடக்கத்திலேயே ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி என்ற நாடகக் குழுவில் சேர்ந்துவிட்டார். தொழில் முழுவதும் அங்கே அமைந்ததால் பிரிட்டிஷ் நடிகை என்பது சரிதான். 2011இல் அந்நாடு அவருக்கு ‘டேம்’ பட்டமும் அளித்தது.

ஆனால் பிறந்த ஊர் அவருக்கு வெறும் பிறப்புச் சான்றிதழ் விவரம் அன்று. மேரி பாப்பின்ஸ் படத்தில் தாயாக நடித்த கிளினிஸ் ஜான்ஸும் பிரிட்டோரியாவில் பிறந்தவர்தான். ஆனால் அவர் நாடகக் குடும்பத்தின் சுற்றுப்பயணத்தின் நடுவே இங்கே பிறந்து, இங்கிலாந்துக்காரராகவே வளர்ந்தவர். சுஸ்மன் அப்படியல்லர். நாடாளுமன்றத்தில் பல ஆண்டுகள் தனி ஒருவராக நின்று நிறவெறிச் சட்டங்களை எதிர்த்த ஹெலன் சுஸ்மன் இவருடைய தந்தையின் சகோதரர் மனைவி. அந்தச் சூழலில் வளர்ந்தவரைப் பற்றி எழுதும்போது நாட்டை விட்டுவிட முடியாது.

பதில் 2 (லெனேசியா)

உங்கள் மகள் எத்தனை படங்களின் பெயரை அடுக்கினாலும், 1987இல் இவர் இயக்கிய ஷேக்ஸ்பியரின் ஒத்தெல்லோ நாடகத்தை நடுவில் வைக்காவிட்டால் அந்தக் கட்டுரை நிற்காது என்பது என் கருத்து. அதில் இவர் நடிக்கவில்லை. இயக்கினார், அவ்வளவுதான். ஆனாலும் நடிகையாக இருபது ஆண்டுகள் சேர்த்த பெயரை எதற்குப் பயன்படுத்தினார் என்பது அங்கேதான் தெரிகிறது.

நாடகம் நடந்த இடம் ஜோஹன்னஸ்பர்க்கின் நியூடவுனில் உள்ள மார்க்கெட் தியேட்டர். பெயரிலேயே இருப்பதுபோல அது முன்பு ஒரு சந்தை, அதுவும் இந்தியர்களின் பழச்சந்தை. என் தாத்தா விடியற்காலையில் வண்டியோடு போய் மாம்பழப் பெட்டிகளை ஏலத்தில் எடுத்த அதே கூரையின் கீழ்தான், 1976இல் பார்னி சைமனும் மேனி மேனிமும் நாடக அரங்கை நிறுவினார்கள். இன்று அங்கே நாடகம் பார்க்கப் போகும் நம் பிள்ளைகளில் பலருக்கு இது தெரியாது.

ஒத்தெல்லோவாக நடித்தவர் ஜான் கானி. நியூ பிரைட்டனில் வளர்ந்து, 1975இலேயே வின்ஸ்டன் ந்ட்ஷோனாவுடன் நியூயார்க்கில் டோனி விருது பெற்றவர். ஒத்தெல்லோவின் மனைவி டெஸ்டிமோனாவாக ஜோவன்னா வைன்பர்க் என்ற வெள்ளைக்கார நடிகை. கலப்புத் திருமணத் தடைச் சட்டம் நீக்கப்பட்டு இரண்டே ஆண்டுகள், நாட்டில் அவசரநிலை. அந்த நேரத்தில் கறுப்பினக் கணவர் மேடையில் வெள்ளைக்கார மனைவியை முத்தமிடுகிறார். பார்வையாளர்களில் சிலர் எழுந்து வெளியேறினார்கள். சட்டம் போன பின்னும் மனம் போகவில்லை என்பதை அரங்கத்துக்குள்ளேயே காட்டிய காட்சி அது.

மகளை ஒன்றைக் கவனித்துப் பார்க்கச் சொல்லுங்கள். செனட்டின் முன் நின்று தனக்குப் பேச்சு நயம் தெரியாது என்று ஒத்தெல்லோ சொல்லும் இடத்தில், கானி ஒவ்வொரு சொல்லையும் நிறுத்தி, எடைபோட்டு வைக்கிறார். அவருக்கு ஆங்கிலம் தாய்மொழியன்று. லண்டன் மேடையில் இதைக் குறையென்று திருத்தியிருப்பார்கள். சுஸ்மன் அதையே பாத்திரத்தின் பலமாக ஆக்கியிருக்கிறார்.

கேள்வி கேட்டவர்

மிக்க நன்றி ஐயா. பழச்சந்தைச் செய்தி என் தாயாருக்கே புதிது. இந்த நாடகத்தைப் பதிவில் பார்க்க முடியுமா? தொலைக்காட்சியைப் பற்றி யாராவது சொன்னால் நன்று.

பதில் 3 (பீட்டர்மாரிட்ஸ்பர்க்)

பார்க்க முடியும், அம்மா. பிரிட்டனின் சேனல் 4 அதைப் பதிவு செய்து 1988இல் ஒளிபரப்பியது. மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும். பல்கலைக்கழக நூலகங்களில் விசாரியுங்கள்.

உங்கள் தாயார் சொல்வதில் வியப்பேதும் இல்லை. நம் நாட்டில் தொலைக்காட்சி தொடங்கியதே 1976 ஜனவரியில்தான். நிறவெறி ஆட்சியை எதிர்த்து, தங்கள் உறுப்பினர்கள் நடித்த நிகழ்ச்சிகளைத் தென்னாப்பிரிக்காவுக்கு விற்கக்கூடாது என்று பிரிட்டிஷ் நடிகர் சங்கமான ஈக்விட்டி தடை விதித்திருந்தது. அதனால்தான் அந்நாளில் நம் வீடுகளில் அமெரிக்கத் தொடர்களும், ஆப்ரிகான்ஸ் குரல் கொடுத்த ஜெர்மானியத் துப்பறியும் தொடர்களும் ஓடின. சுஸ்மன் கிளியோபாட்ராவாக நடித்து 1974இல் பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் வந்த நாடகமும், 1986இல் வந்த பிரிட்டிஷ் தொடர்களும் அங்கே புகழ்பெற்ற காலத்தில், அவர் பிறந்த நாட்டில் அவற்றுக்கு வழி அடைத்திருந்தது. அந்தத் தடை நியாயமானது என்றே நான் அன்றும் எண்ணினேன், இன்றும் எண்ணுகிறேன். ஆனாலும் இழப்பு இழப்புதான்.

ஆஸ்கர் பரிந்துரை, 1971இல் வந்த நிக்கோலஸ் அண்ட் அலெக்சாண்டிரா படத்துக்கு. ரஷ்யாவின் கடைசிப் பேரரசி, இரத்தம் உறையாத நோயுள்ள மகனுக்காக ரஸ்புடின் என்ற சாமியாரிடம் அடைக்கலம் தேடும் தாய். படம் நீளம், இடையிடையே அலுப்பும் தட்டும். ஆனால் சுஸ்மன் வரும் காட்சிகள் அலுக்காது. அவ்வாண்டுப் பரிந்துரையில் கிளெண்டா ஜாக்சன், வனெசா ரெட்கிரேவ், ஜூலி கிறிஸ்டி ஆகியோரும் இருந்தார்கள். விருது ஜேன் ஃபோண்டாவுக்குப் போயிற்று.

நம் வீட்டுப் பெண்ணுக்கு நான் முதலில் பரிந்துரைப்பது வேறொன்று. 1989இல் யூசான் பால்சி இயக்கிய எ டிரை வைட் சீசன் என்ற படம். அதில் சுஸ்மன், உண்மையைத் தேடிப் புறப்படும் ஆப்ரிகானர் ஆசிரியரின் மனைவி. கணவர் நீதியென்று அலைய, வீடு, அக்கம்பக்கம், மானம் ஆகியவை போய்விடுமே என்று அஞ்சிக் கடுகடுக்கும் பெண். நிறவெறியை எதிர்த்த குடும்பத்தில் பிறந்தவர், அதைத் தாங்கி நின்ற பெண்ணை வெறுப்பில்லாமல் நடித்திருக்கிறார். அதைப் பார்த்த பிறகு, மவுண்ட்பேட்டன் பற்றிய 1986ஆம் ஆண்டுத் தொடரில் அவருடைய மனைவி எட்வினாவாகச் சுஸ்மன் வருவதைப் பாட்டியும் பேத்தியும் சேர்ந்தே பார்க்கலாம். காந்தியும் நேருவும் வரும் கதை என்பதால் பாட்டி எழுந்து போகமாட்டார்.