சார்புக்கு முந்தின உறவுகளுக்குப் பேர்: விடுபடா, கிளையா

எல்லாருக்கும் வணக்கம். கணக்குல சார்புக்கு (function) முந்தின ரெண்டு வகை உறவுக்கு, அதாவது total relation, partial function ரெண்டுக்கும், தமிழ்ல என்ன பேர் வைக்கலாம்னு கேட்டதுக்கு முழு உறவு, பகுதிச் சார்புன்னு ரெண்டு பரிந்துரை வந்திருக்கு, ரெண்டையும் ஏத்துக்கிறதுக்கு முன்னாடி ஒரு சின்ன கணக்கைப் போட்டுப் பாத்துடலாம்னு தோணுது, ஏன்னா பேர் சரியா உக்காருதாங்கிறது எண்ணிப் பாக்கும்போதுதான் தெரியும்.

முதல் கணத்துல (set) ரெண்டு பேர், கண்ணன், மீனா. ரெண்டாவது கணத்துல மூணு டிபன், இட்லி, தோசை, பொங்கல். யார் எதைச் சாப்பிட்டாங்கங்கிறதுதான் உறவு. (ஆள், டிபன்)னு எழுதுற வரிசைச் சோடி மொத்தம் 6, ஒவ்வொரு சோடியும் இருக்கலாம் இல்ல இல்லாம போகலாம், அதனால 2-இன் அடுக்கு 6, அதாவது 64 உறவு. பத்தாம் வகுப்பு புக்ல இதோட விட்டுட்டு நேரா சார்புக்குப் போயிடுவாங்க. ஆனா இதையே ஆள் ஆளா எண்ணுங்க. கண்ணனுக்கு 8 வழி (ஒண்ணுமே சாப்பிடாததும் ஒரு வழிதான்), மீனாவுக்கும் 8, பெருக்கினா அதே 64. இப்படி எண்ணும்போதுதான் நமக்குப் பேர் தேவைப்படுற இடமே கண்ணுல படுது.

யாரும் பட்டினி இல்லைன்னா ஆளுக்கு 7 வழி, 49 உறவு. யாரும் ஒண்ணுக்கு மேல சாப்பிடலைன்னா ஆளுக்கு 4 வழி, 16 உறவு. ரெண்டு நிபந்தனையும் சேந்தா ஆளுக்கு 3, மொத்தம் 9, அதுதான் சார்பு.

இப்போ அந்த 49-க்கு முழு உறவுன்னு பேர் வச்சா, படிக்கிற பிள்ளை 6 சோடியும் அடங்கின அந்த ஒரே ஒரு உறவைத்தான் நினைக்கும், முழுசுன்னா எல்லாம்தானே. 16-க்குப் பகுதிச் சார்புங்கிறதுல எனக்கு இன்னும் பெரிய சங்கடம், பகுதின்னா முழுசை விடக் குறைவா இருக்கணும், இங்க சார்பு 9, பகுதிச் சார்பு 16, அதோட அந்த 9-உம் இந்த 16-க்குள்ளயே இருக்கு. 0-ஐக் குடுத்தா 1-ஐ அதால வகுக்க முடியாதுல்ல, அந்த மாதிரி சில உள்ளீட்டுக்கு விடையே இல்லாம நிக்கிற ப்ரோக்ராமுக்கெல்லாம் இந்தச் சொல் தினமும் வேணும், குழப்பமா வச்சுட்டா காலத்துக்கும் குழப்பம்தான்.

அதனால என் பரிந்துரை: 49-க்கு விடுபடா உறவு, 16-க்கு கிளையா உறவு. வாடா மலர், இமையாக் கண் மாதிரி ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம், நம்ம நாக்குக்குப் பழகின அமைப்புதான், வரையறையும் பேருக்குள்ளயே இருக்கு. முதல் கணத்துல யாரும் விடுபடல, யார்கிட்ட இருந்தும் ரெண்டு கிளை போகல. சார்புன்னா என்னன்னு கேட்டா விடுபடாத கிளைக்காத உறவுன்னு ஒரே வரில சொல்லிடலாம். இலங்கையில கணத்தைத் தொடைன்னு எழுதுறாங்க, நம்ம பேர்ல கணம்ங்கிற சொல்லே இல்லாததால அங்கயும் இடிக்காது, உறவுக்குப் பதிலா தொடர்புன்னு எழுதினாலும் விடுபடாத் தொடர்புன்னு அழகா வருது.

டிபன் பக்கத்துல இருந்து பாத்தா, எந்தப் பண்டமும் மிச்சமாகாம இருக்கிறதுக்கு மிஞ்சா உறவுன்னு வைக்கலாம். பண்டத்துக்கு 3 வழி (கண்ணன் மட்டும், மீனா மட்டும், இல்ல ரெண்டு பேரும் சாப்பிட்டது), 3 பண்டம், மூணு தடவை பெருக்கினா 27. விடுபடாம மிஞ்சாம ரெண்டும் ஒண்ணா வேணும்னா இந்த 27-ல ஒரே ஆள் எல்லாத்தையும் சாப்பிட்டு இன்னொருத்தர் பட்டினியா இருக்கிற 2-ஐக் கழிச்சு 25. எந்தப் பண்டமும் மிச்சமாகாத சார்புக்கு இருக்கிற மேல் சார்புங்கிற (onto function) பேரை நான் தொடல, அது பாடப் புத்தகத்துல நிலைச்சுப் போச்சு, மிஞ்சாச் சார்புன்னு அடைப்புக்குள்ள போட்டா போதும். நம்ம உதாரணத்துல அப்படி ஒண்ணுகூட கிடையாது, ஆளுக்கு ஒரே டிபன்னா ரெண்டு பேரால மூணு டிபனைத் தீர்க்க முடியாதே.

முடிவா ஒரே ஒரு விஷயத்துலதான் உங்க கருத்து வேணும், கிளையாவா கிளைக்காவா? இலக்கணப்படி ரெண்டும் சரி, எனக்குக் கிளையா ஓசையில நல்லா இருக்கு, ஆனா வகுப்பெடுக்கிறவங்க கிளைக்கா தான் பசங்களுக்குச் சட்டுனு புரியும்னு சொன்னா அதையே வச்சுக்கலாம்.