டெவில் டாக்னு பேரு வச்சது நெஜமாவே ஜெர்மன்காரனா?

பேட்டை பையன்:
எங்க ஊரு கம்மவான்பேட்டை, வேலூர் பக்கம். வீட்டுக்கு ஒருத்தர் பட்டாளத்துல இருக்கறதால மிலிட்டரி பேட்டைன்னே சொல்லுவாங்க, டீக்கடைல உக்காந்தா சண்டைக்கதைக்கு பஞ்சமில்ல. நேத்து ஒரு தகராறு. எங்க சித்தப்பா ரிட்டயர்டு ஹவில்தார், அவரு சொல்றாரு, அமெரிக்க மரைன்ஸுக்கு, அதாவது கடல் வழியா போயி எறங்கி சண்டை போடற படைக்கு, டெவில் டாக்னு பட்டப்பேரு வந்தது முதல் உலகப்போர்லயாம், பிரான்ஸ்ல பெல்லோ காட்டுல நடந்த சண்டைல இவனுங்க பாஞ்சு வர்றத பாத்து ஜெர்மன்காரனே மிரண்டு போயி "டாய்ஃபல் ஹுண்டன்", அதாவது பேய் நாய்ங்கன்னு கத்துனானாம். நான் போற கோச்சிங் சென்டர் சார் அது சுத்த ரீலுன்னுட்டாரு. அத போய் சித்தப்பா கிட்ட சொன்னேன், அதுலேர்ந்து மூஞ்சி குடுத்து பேசல. யாரு சொல்றது கரெக்ட்?

லாங்பஜார்காரன்:
உங்க சார் சொல்றதுதான்பா. தேதிய பாரு. பெல்லோ காட்டு சண்டை 1918 ஜூன்ல, ஆனா அமெரிக்க பேப்பர்ங்கள்ல இந்த டாய்ஃபல் ஹுண்டன் 1918 ஏப்ரல்லயே வந்துடுச்சு. கொழந்த பொறக்கறதுக்கு முன்னாடியே காதுகுத்து பத்திரிகை அடிச்ச கதை. அதே வருஷம் ஃபால்ஸ்னு ஒரு ஆர்ட்டிஸ்ட் ஆள் சேக்கறதுக்கு போஸ்டர் போட்டாரு, கூர் வச்ச ஜெர்மன் ஹெல்மெட் மாட்டிக்கிட்டு குட்டைக்கால் டாக்ஸ்ஹுண்ட் ஒண்ணு ஓடுது, பின்னாடியே மரைன் ஹெல்மெட் போட்ட புல்டாக் தொரத்துது, மேல "ஜெர்மன்காரன் வச்ச பட்டப்பேரு"ன்னு வேற. ஆள் புடிக்க வசதியா இருந்துருக்கு, அவ்ளோதான். சண்டை முடிஞ்சப்புறம் மென்கென்னு அமெரிக்க எழுத்தாளரே எழுதிட்டாரு, இது அமெரிக்க நிருபர் ஒருத்தர் கட்டுனது, ஜெர்மன்காரன் இப்படி சொன்னதே கெடயாதுன்னு.

காட்பாடி நர்ஸ்:
நான் நர்சிங் முடிச்சுட்டு ஜெர்மனி போறதுக்காக ஜெர்மன் படிச்சிட்டிருக்கேன், அதனால இத சொல்லியே ஆகணும். டாய்ஃபல் ஹுண்டன்ங்கறதே தப்பு ஜெர்மன். நாம மரம், கிளை ரெண்டையும் சேத்து மரக்கிளைன்னு சொல்ற மாதிரி அவங்களும் ஒட்டித்தான் எழுதுவாங்க, நடுவுல ஒரு எஸ் வரும், "டாய்ஃபல்ஸ்ஹுண்ட", அதுதான் பன்மை. ஹுண்டன் எப்போ வரும்னா "நாய்ங்களுக்கு", "நாய்ங்க கூட"ன்னு வேற்றுமை வர்ற எடத்துலதான். உயிர் பயத்துல கத்துறவன் போயி "பேய் நாய்ங்களுக்கு"ன்னா கத்துவான் 😄 அரைகொறையா ஜெர்மன் தெரிஞ்ச ஒருத்தர் டெஸ்க்ல உக்காந்து எழுதுன மாதிரிதான் எனக்கு தோணுது.

முன்னாள் சேப்பர்:
ஏம்மா, கத்துறவன் இலக்கணம் பாத்தா கத்துவான்? கேட்டவனும் அமெரிக்கன், அவன் காதுல எப்படி விழுந்துச்சோ அப்படித்தான் எழுதுவான். தேதி விஷயத்துக்கும் பதில் இருக்கு, மரைன்ஸ் மார்ச் மாசத்துலேர்ந்தே பிரான்ஸ்ல வெர்டன் பக்கம் ட்ரெஞ்சுல இருந்தாங்க, அங்க சொல்லியிருக்கலாம் இல்ல? ஜூன் 6 ஒரே நாள்ல செத்தவங்க, அடிபட்டவங்கன்னு ஆயிரத்துக்கும் மேல போச்சு, பிரெஞ்சுக்காரன் அந்த காட்டுக்கே மரைன் பிரிகேட் பேர வச்சான். இன்னைக்கும் பெல்லோ ஊர்ல நாய் தலை வச்ச ஒரு ஊத்து இருக்கு, மரைன்ஸ் போனா அதுல தண்ணி குடிச்சிட்டுத்தான் வருவானுங்க. இதெல்லாம் ரீலா?
நான் பெங்களூர் எம்.ஈ.ஜி.ல, அதாவது நம்ம ராணுவத்தோட மெட்ராஸ் இன்ஜினியர் குரூப்ல, 17 வருஷம். எங்கள தம்பின்னுதான் கூப்புடுவாங்க, தமிழே தெரியாத பஞ்சாபி ஆபீசர் கூட "ஏ தம்பி"ம்பாரு. மொதல்ல யாரு கூப்புட்டதுன்னு கேளு, ஆளுக்கு ஒரு கதை சொல்லுவான்.

லாங்பஜார்காரன்:
அண்ணா, சண்டைய யாரும் ரீலுன்னு சொல்லல, பேரத்தான் சொல்றோம். வெர்டன்லயே சொன்னதா வச்சுக்கிட்டாலும் ஜெர்மன் பக்கத்துலேர்ந்து ஒரு காகிதமாவது வேணும்ல, மரைன்ஸோட சரித்திரத்த பாக்கறவங்களே ஆதாரம் இல்லன்னுதான் சொல்றாங்க. நாம பெரிய கில்லாடிய "எம்டன்"னு சொல்றோமே, 1914 செப்டம்பர் 22 ராத்திரி மெட்ராஸ்ல பர்மா ஆயில் டேங்க சுட்டு எரிச்சிட்டு போன ஜெர்மன் கப்பல் பேரு அது. நாமளே எடுத்து வச்சுக்கிட்டோம், ஜெர்மன்காரன் குடுத்தான்னு கதை கட்டல.
இன்னொண்ணு. நம்ம லாங் பஜார் மணிக்கூண்டு கல்வெட்ட நின்னு படிச்சிருக்கீங்களா? அதே போருக்கு வேலூர்லேர்ந்து 277 பேர் போனாங்க, 14 பேர் உயிர விட்டாங்கன்னு இருக்கும். இப்போ கடை போர்டு, வண்டி, கூட்டத்துக்கு நடுவுல அது யார் கண்ணுக்கும் படறதில்ல. அவங்களுக்கு எவனும் பட்டப்பேரு வைக்கல.

பேட்டை பையன்:
எல்லாருக்கும் நன்றி. காலைல சித்தப்பா கிட்ட ஏப்ரல் மேட்டர சொன்னேன், நர்ஸ் அக்கா சொன்ன இலக்கணத்தையும் சொன்னேன். கொஞ்ச நேரம் கிளாஸையே பாத்துக்கிட்டிருந்தாரு. அப்புறம் சேப்பர் அண்ணன் சொன்ன வெர்டன் விஷயத்த சொன்னதும், "அப்போ அங்கதான்டா கத்திருப்பான்"னு மிச்ச டீயயும் குடிச்சிட்டு எழுந்து போயிட்டாரு.