அப்பாவுக்கு வாங்குற பையனுக்கு சிகரெட் கொடுத்தா குத்தமா, இல்லையா?

ஆறாம்வகுப்பு டீச்சர்:
நேத்து சிகரெட் விலை பத்திப் பேசும்போது பாண்டி ஒரு வரி எழுதினார்: "பையன் தனக்கா வாங்குறான்? அப்பாவுக்கு வாங்குறான். இதுல வயசு எங்கேர்ந்து வந்துச்சு?" ராத்திரி பூரா அது உறுத்திக்கிட்டே இருந்துச்சு. 2003 புகையிலைச் சட்டம் 6ஆம் பிரிவு, 18 வயசு ஆகாதவங்களுக்கு விக்கக் கூடாதுன்னு சொல்லுது. யார் ஊதப் போறாங்கன்னு அது கேக்கவே இல்ல.

பெட்டிக்கடை பாண்டி:
நம்பர் சொல்லி மெரட்டாதீங்க டீச்சர். 19 வருஷமா கடை வச்சிருக்கேன். மேஸ்திரி கால் ஒடிஞ்சு கெடக்கார், அவர் மவன் வந்து கேக்கான். "உங்க அப்பன நொண்டிக்கிட்டே வரச் சொல்லு"ன்னு திருப்பி அனுப்பவா? அப்பாவுக்கு வாங்குற பையன் வேற, சந்துல ஒளிஞ்சு நின்னு ஊதுற பையன் வேற.

ஆறாம்வகுப்பு டீச்சர்:
வேற இல்ல. என் வகுப்புல ஒருத்தன் தினம் சாயங்காலம் அப்பாவுக்கு வாங்கிட்டுப் போவான். ஏழாம் வாய்ப்பாடு வராது, எந்த சிகரெட் என்ன விலைன்னு கேட்டா மூச்சு விடாம ஒப்பிப்பான். எட்டாவது வந்தப்போ அவன் சட்டைப் பையிலயே ஒண்ணு இருந்துச்சு. நான்தான் எடுத்தேன்.

வக்கீல் குமாஸ்தா:
வாங்குறவன் சிறுவன் இல்லன்னு நிரூபிக்க வேண்டியது விக்கிறவர். விதியிலயே இருக்கு. சந்தேகம் இருந்தா வயசுக்கு ஆதாரம் கேக்கலாம். மேஸ்திரி மவன் 12 வயசுன்னு பாண்டிக்கே தெரியும், அப்புறம் என்ன சந்தேகம்?

பெட்டிக்கடை பாண்டி:
அபராதம் 200 ரூவா. அதுக்கு இம்புட்டுப் பேச்சு!

வக்கீல் குமாஸ்தா:
200 அந்தச் சட்டத்துல. 2015 சிறார் நீதிச் சட்டம் 77ஆம் பிரிவப் பாருங்க. குழந்தைக்குப் புகையிலை கொடுத்தா 7 வருஷம் வரைக்கும் கடுங்காவல், 1 லட்சம் வரைக்கும் அபராதம்.

பெட்டிக்கடை பாண்டி:
அப்போ அனுப்புன அப்பனுக்கு எத்தன வருஷம்? அவனை விட்டுட்டு கடைக்காரன் கழுத்துக்குத்தான் வருவீங்க. அப்பாவுக்கு வாங்குற பையன், அப்பாவுக்கு வாங்குற பையன்! நூறு தடவ சொல்லியாச்சு.

வக்கீல் குமாஸ்தா:
"கொடுக்க வைக்கிறவர்"னும் அதுல இருக்கு. அப்பாவும் சும்மா தப்பிக்க முடியாது.

யாழ்ப்பாணத்தான்:
நீங்கள் இன்னும் 18 எண்டு நிக்கிறியள். எங்கட நாட்டில 2006ஆம் ஆண்டுச் சட்டத்திலயே 21 தான்.

பெங்களூர்வாசி:
கர்நாடகத்துலயும் 2025ல இருந்து 21. அபராதமும் 200லிருந்து 1000 ஆக்கிட்டாங்க.

தென்காசிக்காரன்:
21 ஆக்குங்க, 50 ஆக்குங்க. எங்கம்மா பீடி சுத்தித்தான் என்னைப் படிக்க வச்சா. இங்க பேசுறவங்க ஒருத்தராவது அந்தத் தூசியை மூக்குல வாங்கியிருக்கீங்களா?

ஆறாம்வகுப்பு டீச்சர்:
உங்க அம்மாவ நான் ஒரு வார்த்தை சொல்லல தம்பி. பேச்ச மாத்தாதீங்க. பையன் கையில கொடுக்கலாமா, கூடாதா? அது மட்டும்தான் கேள்வி.

பெட்டிக்கடை பாண்டி:
போன மாசம் பிளாஸ்டிக் பை பத்திப் பேசுனப்பவும் இந்த டீச்சர் என் கடையத்தான் பிடிச்சுக்கிட்டாங்க. ஊர்ல வேற கடையே இல்லியா?

ஆறாம்வகுப்பு டீச்சர்:
ஊர்ல எல்லாக் கடையும்தான். ஆனா உங்க கடையில 18 வயசு போர்டு தொங்குது, அதுக்கு நேர் கீழ நின்னுதான் மேஸ்திரி மவன் கை நீட்டுறான். இன்னொண்ணும் சொல்றேன். 18 ஆகாதவங்க புகையிலைய எடுத்து விக்கவும் கூடாதுன்னு 2011லயே விதி வந்துடுச்சு. மத்தியானம் நீங்க சாப்பிடப் போறப்போ கல்லாவுல உக்கார்றது யாரு? ஒம்பதாவது படிக்கிற உங்க மவன்தானே?

பெட்டிக்கடை பாண்டி:
என் புள்ளைய இழுக்காதீங்க டீச்சர். அவன் கடையில உக்காந்துதான் கணக்குப் பாடமே படிக்கான். உங்க பள்ளிக்கூடத்துல படிச்சிருந்தா ஏழாம் வாய்ப்பாடு கூட வந்திருக்காது.

ஆறாம்வகுப்பு டீச்சர்:
வாய்ப்பாட நான் பாத்துக்கறேன். நாளைக்கு மேஸ்திரி மவன் வந்தா என்ன செய்வீங்க? அத மட்டும் எழுதுங்க.

பெட்டிக்கடை பாண்டி:
அவன் அப்பாவுக்குத்தான் வாங்குறான்.