மண் ஈரமாக இருந்தும் செம்பருத்தி வாடுகிறது, மொட்டும் உதிர்கிறது

மாடித்தோட்டம்_திருச்சி:
ஜனவரியில் நர்சரியில் ஒரு புனே செம்பருத்தி வாங்கினேன், ஆரஞ்சு நிறம். கவரைக் கிழித்து அப்படியே 14 அங்குலத் தொட்டியில் வைத்து, சுற்றிலும் கடையில் வாங்கிய கலவையை நிரப்பினேன். முக்கால்வாசி தேங்காய் நார்க்கழிவுதான். இரண்டு மாதம் நன்றாகப் பூத்தது. இப்போது அடி இலைகள் மஞ்சளாகின்றன, மொட்டு பட்டாணி அளவில் உதிர்கிறது. மதியம் துவண்டுவிடுகிறது. தண்ணீர் போதவில்லை என்று காலையும் மாலையும் இரண்டு மக் ஊற்றுகிறேன். வாட்டம் குறையவில்லை. என்ன செய்யலாம்?

பச்சைவிரல்:
மதியம் துவள்வது வெயிலுக்கு. மாலையில் நிமிர்ந்துவிட்டால் கவலை இல்லை. நிமிர்கிறதா? தொட்டிக்கு அடியில் தட்டு வைத்திருக்கிறீர்களா?

மாடித்தோட்டம்_திருச்சி:
மாலையிலும் நிமிர்வதில்லை அண்ணா. தட்டு இருக்கிறது, அதில் எப்போதும் கொஞ்சம் தண்ணீர் நிற்கும்.

ரோஜாப்பிரியை:
இலை மஞ்சளானால் எப்சம் உப்பு ஒரு ஸ்பூன் போடுங்கள். எனக்குக் கேட்டது.

செம்மண்காரர்:
உப்பெல்லாம் அப்புறம். மண் ஈரமாக இருந்தும் வாடினால் வேர் குடிக்கவில்லை என்று பொருள். நர்சரிச் செடிகள் பெரும்பாலும் களிமண் உருண்டையோடுதான் வரும். அது ஒருமுறை காய்ந்தால் செங்கல்தான். நீங்கள் ஊற்றும் தண்ணீர் சுற்றியுள்ள நார்க்கழிவு வழியாக அடிக்கு ஓடிவிடும், நடுவில் ஒரு சொட்டு இறங்காது. தண்டுக்குப் பக்கத்தில் ஒரு குச்சியைக் குத்திப் பாருங்கள். தட்டை இன்றைக்கே எடுத்துவிடுங்கள்.

மாடித்தோட்டம்_திருச்சி:
குச்சி ஒரு அங்குலம்கூட இறங்கவில்லை! செடியைக் கவிழ்த்து எடுத்தேன். நடுவில் கல் மாதிரி உருண்டை. வெளியே வந்த வேர்களில் பாதி கறுத்துவிட்டன, அடியில் ஒரே நாற்றம்.

செம்மண்காரர்:
அப்படியானால் வேரே இரண்டு பக்கமும் அடிவாங்கியிருக்கிறது, உள்ளே தாகம், வெளியே அழுகல். உருண்டையை ஒரு வாளித் தண்ணீரில் அரை மணி நேரம் வையுங்கள். இளகியதும் ஓரத்து மண்ணை விரலால் உதிர்த்துவிடுங்கள். முழுதும் கழுவ வேண்டாம், நல்ல வேர் அறுந்துவிடும். கறுத்துக் குழைந்ததை வெட்டுங்கள், வெள்ளையாக உறுதியாக இருப்பதை விடுங்கள். வேர் இவ்வளவு குறைந்த பிறகு 14 அங்குலம் அதிகம், 10 போதும். செம்மண் இரண்டு பங்கு, மண்புழு உரம் ஒன்று, நார்க்கழிவு ஒன்று, ஒரு கை மணல். கிளைகளில் மூன்றில் ஒரு பங்கை வெட்டிவிடுங்கள், மொட்டையும் சேர்த்து. மனசு கேட்காது, ஆனால் வெட்டுங்கள். மாலையில் நட்டு, பத்து நாள் நிழல். ஒரு மாதம் உரம் கிடையாது.

தண்ணீர் அடித் துளையில் வெளியேறும்வரை ஊற்றுங்கள். அடுத்தது மேல்மண் ஒரு அங்குலம் காய்ந்த பிறகுதான், வேளை பார்த்து அல்ல.

மாடித்தோட்டம்_திருச்சி (ஒரு வாரம் கழித்து):
எல்லா இலையும் கொட்டிவிட்டது. போச்சா?

பச்சைவிரல்:
தண்டை நகத்தால் லேசாகச் சுரண்டுங்கள். உள்ளே பச்சை இருந்தால் உயிர் இருக்கிறது. இலை இல்லாத செடிக்குத் தண்ணீர் இன்னும் குறைவாகத்தான் வேண்டும், மறக்காதீர்கள்.

மாடித்தோட்டம்_திருச்சி (மூன்று வாரம் கழித்து):
பச்சை இருந்தது! இப்போது ஐந்து இடத்தில் துளிர். இன்னொன்றும் கண்டுபிடித்தேன். நான் ஊற்றியது போக, அம்மாவும் மதியம் ஒரு மக் ஊற்றிக்கொண்டிருந்தார்களாம், "பாவம், வாடுதே" என்று. பூ எப்போது வரும்?

செம்மண்காரர்:
புதுக் கிளையில்தான் மொட்டு வைக்கும். கிளை நீளட்டும், இரண்டு மாதமாவது ஆகும். அதுவரை அந்த மக்கை அம்மா கண்ணில் படாமல் வையுங்கள்.