ஜாமீன் போட்டவரின் மாந்தோப்பை வங்கி ஏலம் விடலாமா?

பெங்களூரா தோப்பு, போச்சம்பள்ளி
என் சித்தப்பா கடன் வாங்கவில்லை. உறவினர் ஒருவர் மாங்கூழ் ஆலைக்கு வாங்கிய கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டு, நான்கு ஏக்கர் மாந்தோப்பின் பத்திரத்தை வங்கியில் வைத்தார். ஆலை நொடித்துவிட்டது. போன வாரம் தோப்பிலுள்ள மோட்டார் கொட்டகைச் சுவரில், சொத்தை வங்கி கைப்பற்றிவிட்டதாகச் சொல்லும் சுவாதீன அறிவிப்பை ஒட்டிவிட்டுப் போனார்கள். நாளிதழ்களிலும் அவர் பெயர் வந்துவிட்டது. எந்த நீதிமன்றமும் அவரை ஒரு வார்த்தை கேட்கவில்லை. கடன் கொடுத்தவரே தீர்ப்பும் சொல்லி ஏலமும் விடுவது என்ன நியாயம்?

ஓய்வுபெற்ற மேலாளர், தருமபுரி
தம்பி, உங்கள் வருத்தம் புரிகிறது. வாதத்தை ஏற்க முடியாது. ஜாமீன்தாரரின் பொறுப்பு கடனாளியின் பொறுப்புக்குச் சமம் என்கிறது 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 128ஆவது பிரிவு. நீதிமன்றம் போகாமலே அடமானச் சொத்தைக் கைப்பற்றி விற்க வழிசெய்யும் சர்ஃபேசி சட்டம் 2002இல் வரும்வரை அடமானச் சொத்தை விற்க வங்கிகள் ஆண்டுக்கணக்கில் நீதிமன்றப் படி ஏறின. அதில் முடங்கியது பாலக்கோட்டில் தக்காளி விற்றுச் சேமித்தவரின் வைப்புத்தொகை. மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2004இல் இச்சட்டம் செல்லும் என்றது. கடன் வாராக்கடன் ஆனதும் 60 நாள் கெடு வைத்து நோட்டீஸ் வந்திருக்கும். ஆட்சேபம் எழுதினால் 15 நாளில் வங்கி காரணத்தோடு பதில் தர வேண்டும். சித்தப்பா எழுதினாரா?

பெங்களூரா தோப்பு
இல்லை. ஆங்கிலத்தில் வந்த பதிவுத் தபாலை அப்படியே உறவினரிடம் கொடுத்தார். அவர் பார்த்துக்கொள்வதாகச் சொல்லி வாங்கி வைத்துக்கொண்டார். எழுதியிருந்தாலும் பதில் சொல்வது அதே வங்கிதானே? 2004 தீர்ப்பையும் முழுதாகச் சொல்லுங்கள் ஐயா. கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் முறையிட, வங்கி கேட்கும் தொகையில் 75 சதவீதத்தை முதலில் கட்ட வேண்டும் என்ற விதியை ரத்து செய்ததும் அதே தீர்ப்புதான்.

ஓசூர் வழக்கறிஞர்
முக்கியமானதை இருவருமே விட்டுவிட்டீர்கள். அது மாந்தோப்பு. விவசாய நிலத்தின் மீதான அடமானத்துக்கு சர்ஃபேசி சட்டத்தின் 31ஆவது பிரிவு விலக்கு அளிக்கிறது. சர்ஃபேசி வழியில் அதை விற்க முடியாது. ஆனால் வருவாய்ப் பதிவேட்டில் விவசாய நிலம் என்று இருந்தால் மட்டும் போதாது. கோவா ஓட்டல் நிறுவனம் ஒன்றின் வழக்கில் 2018இல் உச்ச நீதிமன்றம், நிலம் உண்மையில் எதற்குப் பயன்படுகிறது என்று பார்த்தது. விவசாயம் நடப்பதை நிரூபிக்க வேண்டியவரும் சொத்துக்காரர்தான். கிராமப் பயிர்க் கணக்கான அடங்கலில் மா பயிர் ஏறியிருக்கிறதா? மண்டியில் காய் போட்ட சீட்டுகள், இலவச மின்இணைப்புக் காகிதம் எல்லாவற்றையும் திரட்டுங்கள். சுவாதீன நடவடிக்கையிலிருந்து 45 நாளுக்குள் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தில் மனு போட வேண்டும்.

ஓய்வுபெற்ற மேலாளர்
அம்மா, ஆலைக் கடனுக்குத் தோப்பைக் காட்டிப் பணம் எடுத்துவிட்டு, திருப்பிக் கேட்கும்போது விவசாயி என்பது சரியா?

ஓசூர் வழக்கறிஞர்
தோப்பு என்று தெரிந்துதானே ஐயா வங்கி மதிப்பீட்டாளரை அனுப்பியது? கடன் அழியாது. தீர்ப்பாயத்தில் வழக்குப் போட்டு வசூலிக்கட்டும். குறுக்குவழி மட்டும்தான் கிடையாது.

ஓய்வுபெற்ற மேலாளர்
சரி, நடைமுறை ஒன்று சொல்கிறேன். 2016 திருத்தத்துக்குப் பிறகு, ஏல அறிவிப்பு வெளியாகும்வரைதான் கடனைக் கட்டிச் சொத்தை மீட்கும் உரிமை உண்டு. 2023இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. மனு ஒருபுறம் இருக்கட்டும்; அதற்குள், பேசி முடித்த ஒரு தொகையைக் கட்டிக் கணக்கை முடிக்கும் ஒருமுறைத் தீர்வுக்குப் பேசுங்கள்.

பெங்களூரா தோப்பு
இரண்டையும் செய்கிறோம். ஆனால் தமிழ்நாட்டில் அந்தத் தீர்ப்பாயம் சென்னை, கோவை, மதுரையில்தான் இருக்கிறது. எழுபது வயதுக்காரர் வழக்கறிஞரைத் தேடி அத்தனை தூரம் போய் நிற்க வேண்டும். வங்கிக்கோ ஒரு நோட்டீஸ் போதும். ஜாமீன்தாரருக்குத் தமிழில் நோட்டீஸ் தர வேண்டும், விற்பதற்கு முன் ஒரு நீதிபதி அவரை நேரில் விசாரிக்க வேண்டும். இதைத்தான் கேட்கிறேன்.

ஓய்வுபெற்ற மேலாளர்
தமிழில் நோட்டீஸ் கேட்பதில் நான் உங்கள் பக்கம். நீதிபதி விசாரித்த பிறகே விற்க வேண்டும் என்பதில் இல்லை. பழைய தாமதம் அப்படியே திரும்பிவிடும்.